கிண்ணத்தில் எழுந்த மோதிரம்

முன்னொரு காலத்தில் ஓர் அரசனுக்கு, இறந்துபோன தன் அரசியைப் பார்க்க வேண்டும் என்ற ஆசை வந்தது.

மாந்திரீகர் பைரவநாதர் இசைந்தார். அவை நடுவே பீடம் போட்டு ஆழமான வெண்கலக் கிண்ணத்தை வைத்தார். அதன் அடியில் அரசியின் மோதிரத்தை இட்டார். சாளரங்களை மூடி, கிண்ணத்துக்கு மேலே ஒரே ஒரு விளக்கைத் தொங்கவிட்டார்.

"அரியணையிலிருந்து மோதிரம் தெரிகிறதா, அரசே?"

"இல்லை. விளிம்பு மறைக்கிறது."

"அசையாமல் அமருங்கள். அரசி வந்தால் மோதிரம் தானே எழும்."

முணுமுணுத்தபடி நீர் வார்த்தார். யாரும் அசையவில்லை. விளிம்பைத் தாண்டிப் பொன் மெல்லத் தலைகாட்டியது. பிறகு முழு மோதிரமும் தெரிந்தது.

அரசனின் உதடுகள் அரசியின் பெயரைச் சொன்னதை அவை விகடன் குழைக்காதன் பார்த்தான். அரசன் குழைக்காதனை நேசிப்பது பைரவநாதருக்கு நெடுநாளாக உறுத்தும் முள்.

"அரசி பேசுகிறாள்," என்றார் அவர், கண்களை மூடியபடி. "இந்த அவையில் சிரிப்பு மூட்டுகிறவன் இருக்கும்வரை நெருங்க முடியவில்லையாம். அவன் தலையைக் கொடுத்தால் முகம் காட்டுவாளாம்."

அரசன் கிண்ணத்தைவிட்டுக் கண்ணெடுக்கவில்லை. "கொடுத்துவிடுங்கள்," என்றான்.

காவலன் வாளை உருவினான். குழைக்காதன் கும்பிட்டான்.

"கொடுக்கிறேன், அரசே. அதற்குமுன் நானும் ஒருமுறை நீர் வார்க்கிறேன். சுவாமிகளின் கைமோதிரம் போதும்."

அரசன் தலையசைத்தான். பைரவநாதர் மறுக்க முடியாமல் கழற்றிக் கொடுத்தார்.

குழைக்காதன் நீரைக் கொட்டினான். அரசியின் மோதிரம் மெழுகில் ஒட்டியிருந்தது. அதைப் பெயர்த்துக் கையில் வைத்துக்கொண்டு, அதே மெழுகில் மற்றதைப் பதித்தான். நீர் வார்த்தான். மந்திரம் எதுவும் சொல்லவில்லை.

மோதிரம் எழுந்தது.

குழைக்காதன் மேல்துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு தலை குனிந்தான்.

"பைரவநாதர் போய்விட்டார், அரசே. பொழுது சாய்வதற்குள் எடுத்துவிட வேண்டும்."

"நான் உயிரோடு நிற்கிறேன்."

"ஆவிகள் முதலில் அப்படித்தான் சொல்லுமாம், சுவாமி."

அரசன் காவலனைப் பார்த்தான். "பாடைக்கு மூங்கில் வெட்டச் சொல்." அவன் குரலில் விளையாட்டு இல்லை.

பைரவநாதர் அரசன் காலில் விழுந்தார். "அது ஆவி இல்லை, அரசே. நீர். நீரைவிட்டு வெளியே வரும்போது ஒளி வளைகிறது. விளிம்பு மறைத்ததை அந்த வளைவு காட்டிவிடுகிறது. ஓடக்காரன் துடுப்பு ஒடிந்தாற்போலத் தெரிவதும் அதனால்தான். எந்த மோதிரத்தை இட்டாலும் எழும்."

"அரசியின் மோதிரமுமா, சுவாமி?"

முதலில் அரசனின் தோள்கள் குலுங்கின. பிறகு உரக்கச் சிரித்தான். அரசி போனபின் அவன் சிரித்தது அன்றுதான்.

"பிணத்துக்கு நடக்கத் தெரிகிறது. எல்லைக்கு அப்பால் நடக்கட்டும்," என்றான்.

தன் முத்துமாலையைக் குழைக்காதன் கழுத்தில் போட்டான். "இன்னும் என்ன வேண்டும்?"

"அந்தக் கிண்ணம், அரசே."

சிரிப்பு நின்றது.

"வேறு எதையாவது கேள்," என்று சொல்லிவிட்டு, அரசியின் மோதிரத்துக்காகக் கையை நீட்டினான்.