சாவடி வாசலில் ஒரு பலகை

மாந்தோப்பு நாட்டை ஆண்ட வீரகெம்பீர ராசாவுக்குத் திடீரென்று குடிமக்கள் மேல் கருணை பிறந்தது. ராசாக்களுக்குக் கருணை பிறந்தால் மக்கள் எங்காவது பதுங்கிக்கொள்வது நல்லது. அந்த ஊரில் பதுங்க இடமில்லை. கருணையின் பெயர் திருமண அனுமதிச் சாவடி.

இனி யாருக்குக் கல்யாணம் என்றாலும் சாவடியில் மனு எழுத வேண்டும். பெண்ணும் பிள்ளையும் இன்னார் என்று எழுதிய ஓலை வாசல் பலகையில் முப்பது நாள் தொங்கும். அதற்குள் எவரும் ஆட்சேபிக்கலாம். காரணம் சொல்ல வேண்டியதில்லை. ஆட்சேபித்தவரைத் தண்டிப்பதும் குற்றம். ஆட்சேபம் வந்தால் ஓலையை இறக்கிவிட்டு மறுபடி முப்பது நாள். ஏழாவது ஓலையும் இறங்கினால் பெண்ணைப் பிடித்துப் பெற்றவர்களிடம் ஒப்படைத்துவிட வேண்டும். மூளையைக் கசக்கி இத்தனையும் எழுதியவர் சாவடி அதிகாரி அனந்தநயினார். அந்த மூளைக்காக அவர் கைக்குத் தங்கக் காப்பு போட்டார்கள்.

சாவடிக்கு அதிகம் நடந்தவர்கள் இரண்டு பேர். அரண்மனை நந்தவனத்தில் பூத்தொடுக்கும் சிலம்பாயி, தேர்ப்பட்டறைத் தச்சன் மருதப்பன். வேறு வேறு சாதி. குற்றம் அவ்வளவுதான். ஆறு முறை ஓலை ஏறியது, ஆறு முறை இறங்கியது. ஒரே கிணற்றில் தண்ணீர் மொள்ளாத இரண்டு சாதிப் பெரியவர்களும் சாவடி வாசலில் தோளோடு தோள் உரச உட்கார்ந்து, ஒரே எழுத்தாணியை மாற்றி மாற்றி வாங்கி ஆட்சேபம் எழுதினார்கள். நாட்டில் சாதி ஒற்றுமையை உண்டாக்கிய பெருமை அனந்தநயினாரையே சேரும்.

ஏழாவது ஓலை ஏறுவதற்கு முந்தின நாள் சிலம்பாயி அம்பலத்தாடியிடம் வந்தாள். அம்பலத்தாடி அரசவை விகடன். ராசாவைச் சிரிக்க வைப்பது அவன் உத்தியோகம். சிரிப்பதற்கு அந்த அரண்மனையில் இருந்த ஒரே பொருள் ராசாதான் என்பதை இருபது வருடமாக வெளியே சொல்லாமல் வைத்திருந்தான். அது உள்ளே கசந்து கிடந்தது.

தன்னை வீட்டில் ஒப்படைத்தால் மறுநாளே அறுபது வயதுத் தாய்மாமனுக்குக் கட்டிவைப்பதாக அப்பன் சத்தியம் செய்திருப்பதை அவள் சொன்னாள்.

"எழுதத் தெரியுமா உனக்கு?" என்று கேட்டான் அம்பலத்தாடி.

"கையெழுத்துப் போடுவேங்க."

"போதும். முப்பதாம் நாள் காலையில் வா. பயப்படாத கையாக எடுத்துக்கொண்டு வா."

அன்றைக்கே அவன் ராசாவிடம் போனான். ராசாவுக்கு அடுத்த மாதம் மூன்றாவது கல்யாணம். மேலைநாட்டு இளவரசி. சட்டம் அனைவருக்கும் பொது என்று உலகம் மெச்ச வேண்டாமா, மன்னர் பெயரும் அந்தப் பலகையில் தொங்கினால் சரித்திரம் என்ன சொல்லும் என்று அம்பலத்தாடி எடுத்துவிட்டான். சரித்திரம் என்ற சொல்லைக் கேட்டதும் ராசாவின் மார்பு இரண்டு விரற்கடை ஏறியது. தன்னை எவன் ஆட்சேபிப்பான் என்று சிரித்தார். ஊரெல்லாம் தமுக்கு அடித்தார்கள். ஒரே பலகையில் இரண்டு ஓலைகள், பூக்காரிக்கு ஒன்று, ராசாவுக்கு ஒன்று.

முப்பதாம் நாள். மாமனாராகப் போகிற மேலைநாட்டு அரசர் யானை, குதிரை, மகளோடு கோட்டை வாசலில் வந்து இறங்கிவிட்டார். சபைக்குள் அனந்தநயினார் தடுமாறி நுழைந்தார். பூக்காரியின் ஓலைக்கு வழக்கமான ஆட்சேபம் வந்திருந்தது. மன்னரின் ஓலைக்கும் ஒன்று வந்திருந்தது.

"எழுதியது யார்?" என்றார் ராசா.

"நான்தான் மகாராசா" என்று சிலம்பாயி முன்னே வந்தாள். குரல் நடுங்கவில்லை.

"நீ இளவரசிக்கு உறவா?"

"இல்லைங்க."

"அவளைப் பார்த்தாவது இருக்கிறாயா?"

"இல்லைங்க."

"என் கல்யாணத்தால் உனக்கு என்ன நட்டம்?"

"ஒண்ணுமில்லைங்க."

"பிறகு எதற்கு ஆட்சேபித்தாய்?"

"காரணம் சொல்ல வேண்டியதில்லைன்னு சட்டம் இருக்குங்களே."

ராசா அனந்தநயினாரைப் பார்த்தார். அனந்தநயினார் தன் தங்கக் காப்பைப் பார்த்தார். அவளைத் தண்டிக்க வழியில்லை, இன்னொரு முப்பது நாள் போக வேண்டும், அதுதான் விதி என்று தரையைப் பார்த்து முணுமுணுத்தார்.

ராசாவுக்கு முகம் சிவந்துவிட்டது. "கட்டிக்கொள்கிறவன் நான். சம்மதித்தவள் அவள். நடுவில் புகுந்து தடுக்க மூன்றாம் மனிதருக்கு என்ன உரிமை?"

சிம்மாசனத்தில் இருந்து ராசா சொன்னால் அது சட்டம் என்பது அந்நாட்டு வழக்கம். அதனால்தான் அங்கே அத்தனை சட்டங்கள்.

அம்பலத்தாடி சபை எழுத்தரைத் திரும்பிப் பார்த்தான். "ஒரு எழுத்து விடாமல் எழுதிக்கொள்ளும் அய்யா. முத்திரையும் வையும். ஏழு மாதமாக இந்தப் பெண் கேட்ட கேள்விக்கு இன்றைக்குத்தான் பதில் வந்திருக்கிறது."

ராசா விழித்தார். அது தனக்கு மட்டும் என்று எழுதச் சொன்னார்.

"எழுதலாம் மன்னா. பொது என்று தமுக்கு அடித்தது போன மாதம்தான். மாமனார் வாசலில் நிற்கும்போது இல்லை என்று அடிக்கச் சொல்லலாம். அல்லது முப்பது நாள் அவரை அங்கேயே சமைத்துச் சாப்பிடச் சொல்லலாம்."

ராசா கொஞ்ச நேரம் அனந்தநயினாரை முறைத்தார். பிறகு சிரித்தார். வேறு வழியில்லாதபோது ராசாக்கள் பெருந்தன்மையாகச் சிரிப்பார்கள். முத்திரை விழுந்தது. சாவடியை மூடச் சொன்னார். அம்பலத்தாடிக்கு என்ன பரிசு வேண்டும் என்றும் கேட்டார்.

"அந்தப் பலகை மன்னா. நல்ல காய்ந்த பலா மரம்."

மூன்றாம் நாள் மருதப்பனுக்கும் சிலம்பாயிக்கும் நந்தவனத்தில் கல்யாணம். பலகையைப் பிளந்து அடுப்பில் வைத்துச் சோறு பொங்கினார்கள். முதல் பந்தியில் முதல் ஆளாக உட்கார்ந்தவர்கள், ஏழு ஓலைக்கும் ஆட்சேபம் எழுதிய அதே பெரியவர்கள். அவர்கள் நடுவில் அனந்தநயினார். ஒரு கவளம் வாயில் போட்டதும் முகத்தைச் சுளித்தார். குழம்பில் உப்புக் குறைவு என்றார்.

"ஆட்சேபமா?" என்றான் அம்பலத்தாடி, இன்னொரு கரண்டி ஊற்றிக்கொண்டே. "எழுதிக்கொண்டு போய்ப் பலகையில் மாட்டும். அதோ, அடுப்பில் எரிகிறது."