பகல் காவல்

யுத்த காலத்தில் மலாயாக் காட்டுக்குள் கெரில்லாப் படை ஒன்றை நடத்தியவர் தணிகாசலம். யுத்தம் முடிந்ததும் துப்பாக்கியை ஒப்படைத்துவிட்டு எழுத உட்கார்ந்தார். ரப்பர் தோட்டத்தை ஒட்டியிருந்த அவர் வீட்டில் தங்கி எழுதக் கற்றவர்கள் இருவர். ஒருவன் குமரேசன், மற்றவன் அரங்கன்.

காட்டு நாட்களைப் பற்றி அவர் எழுதுவது போலீசுக்குப் பிடிக்கவில்லை. ஒரே மாதத்தில் இரண்டு முறை வந்தார்கள். முதல் முறை நேராக அரிசிப் பானையில் கைவிட்டுத் தாள்களை எடுத்தார்கள். அடுத்த முறை நேராகக் கூரைச் சந்தில். இனி ஒரு தாள் கிடைத்தாலும் சிறைதான் என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.

அதன் பிறகு ஒரு நாள், மதியச் சாப்பாடு முடிந்ததும் குமரேசன் அவர் அருகில் வந்து உட்கார்ந்தான்.

"ஐயா, அரங்கனை அனுப்பிடுங்க."

"ஏன்?"

"காப்பிக் கடையில போலீஸ்காரனோட சிரிச்சுப் பேசறான். காலில புதுச் செருப்பு வேற."

"புதுச் செருப்புப் போட்டவனெல்லாம் துரோகின்னா, முதல்ல என் மாப்பிள்ளையைத்தான் பிடிக்கணும்."

குமரேசன் சிரிக்கவில்லை. "நேத்துக் காலையில உங்ககிட்டத் தனியா வந்து கிசுகிசுத்தானே. நான் வந்ததும் வாயை மூடிக்கிட்டான். என்ன சொன்னான்?"

தணிகாசலம் கை கழுவிய நீரைச் செம்பருத்திச் செடிக்கு ஊற்றினார்.

"காட்டில நாங்க ராத்திரி நடப்போம், பகல்ல தூங்குவோம். ஒருத்தன் மேல சந்தேகம்னு யாராவது சொன்னா, அன்னைக்குப் பகல் காவல் அவனுக்குத்தான்."

"துப்பாக்கியோடயா?"

"தோட்டா போட்டுத்தான்."

"அவன் எல்லாரையும் சுட்டிருந்தா?"

"இந்தக் கதையை உனக்கு வேற யாராவதுதான் சொல்லணும்."

"அப்ப நீங்க கண்ணை மூடிக்கிட்டுச் சும்மா படுத்திருப்பீங்க. தூங்கியிருக்க மாட்டீங்க."

"ராவெல்லாம் சேத்துல நடந்தவனுக்குத் தூக்கம் வராம என்ன?"

அவர் பாயை விரித்தார். புதிதாக எழுதிய தாள்களை மறைக்காமல் தலைமாட்டில் வைத்து, மேலே மூக்குக்கண்ணாடியை வைத்தார்.

"அரங்கனைக் கூப்பிடு. நான் எழுந்திருக்கிற வரைக்கும் வாசல்ல உட்காரச் சொல்லு. நீ தோட்டத்துப் பக்கம் போயிட்டு வா."

குமரேசனுக்குக் கோபம் வந்தது. "இவ்வளவு சொல்லியுமா? அவன் எதுக்கு ஐயா? நேத்து மாதிரி இன்னைக்கும் நானே வாசல்ல..."

அவன் பேச்சு அங்கேயே நின்றது. நேற்றும் தாள்கள் தலைமாட்டில்தான் இருந்தன. நேற்று அரங்கனைத்தான் தோட்டத்துக்கு அனுப்பியிருந்தார்.

"ஐயா, நேத்து என்னை எதுக்கு உட்கார வச்சீங்க?"

தணிகாசலம் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தார்.

"நேத்தும் நல்லாத்தான் தூங்கினேன்" என்றார்.