உப்பளப் படத்தின் கடைசி அரை மணி நேரம்

வீட்டுக்கு வீடு டிவிடி ஓடிய காலம் அது. எந்தப் படம் டிவிடி கடைகளுக்குப் போகலாம் என்பதைச் சென்னையில் விநியோகஸ்தர் ஆவுடையப்பன்தான் முடிவு செய்வார்.

தூத்துக்குடி உப்பளப் பெண்களை வைத்துச் சொந்தமாகப் படம் எடுத்த மரியசெல்வி, அதன் டிவிடியை அவரிடம் கொடுத்திருந்தாள். கடைக்காரர்கள் கூடிய நாளில் அவளையும் வரச் சொன்னார்.

"முழுசாப் பாத்தேம்மா. கடைசி அரை மணி நேரம் ஒரே இழுவை. வெட்டிட்டு ஒரு குத்துப்பாட்டு வை. இல்லன்னா படம் பெட்டிக்குள்ளயே கிடக்கும்."

அந்த அரை மணி நேரத்தில்தான் உப்பளப் பெண்கள் முதலாளியை எதிர்த்து நிற்கிறார்கள். உயிரே போனாலும் அதை வெட்ட மாட்டாள் மரியசெல்வி. ஆனாலும் பணிவாகத் தலையாட்டினாள்.

"சரிங்க அண்ணாச்சி. எங்கேருந்து வெட்டணும்னு நான் குடுத்த டிவிடியைப் போட்டே காட்டிடுங்க."

அவரும் மிடுக்காகப் போட்டுக் கடைசிப் பகுதிக்கு ஓட்டினார். திரையில் மரியசெல்வியே கைகூப்பி நின்றாள்.

"இதுவரைக்கும் பாத்ததுக்கு நன்றி அண்ணாச்சி. மீதிப் படம் என்கிட்ட இருக்கு. ஒரு போன் பண்ணுங்க, கொண்டு வரேன்."

கடைக்காரர்கள் கொல்லென்று சிரித்தார்கள். ஆவுடையப்பன் முகத்தில் ஈயாடவில்லை.

"போனே வரலையே அண்ணாச்சி!" என்றாள் அவள்.

மதுரைக் கடைக்காரர் ஒருவர் எழுந்தார். "மீதியையும் சேத்துப் போடும்மா, நாங்க பாக்கிறோம்."

பையிலிருந்த முழுப் படத்தை எடுத்து முதலிலிருந்தே போட்டாள். முடியும்வரை ஒருவரும் இடத்தை விட்டு அசையவில்லை.

"எங்க கடைக்கு எப்ப வரும்?" என்று நாலாபக்கமும் கேட்டார்கள்.

"நாளைக்கே," என்றார் ஆவுடையப்பன், அவள் முகத்தைப் பார்க்காமல்.

"ஒரு காட்சிகூடக் குறையாம அனுப்புங்க அண்ணாச்சி," என்றாள் மரியசெல்வி.

அனுப்பினார்.