ஏழு மொட்டுகள்

மழை மறந்துபோன ஒரு பாலை மலையில், செங்குத்தான பாறையின் வெடிப்புக்குள் ஒரு புதர்ச்செடி வாழ்ந்துவந்தது. அதன் இனத்தில் மிஞ்சியவை வெகு சில. நான்காவது ஆண்டாகத் துளி மழையில்லை. இலைகளையெல்லாம் உதிர்த்துவிட்டு, வேரில் சேர்த்த கொஞ்சம் ஈரத்தோடு செடி நின்றது.

மாசி பிறந்ததும் அதன் கிளைகளில் ஏழு மொட்டுகள் கட்டின.

பாறை பதறியது. "உனக்கென்ன பைத்தியமா? அந்த ஈரத்தை வைத்துக்கொண்டால் இன்னும் ஒரு வருஷம் தாங்குவாய். பூத்தால் கோடைக்குள் முடிந்துவிடுவாய்."

"தெரியும்" என்றது செடி.

"உன் மகரந்தத்தில் நீயே காய்க்கவும் மாட்டாய். உன் இனத்தில் இன்னொரு செடி பூத்தாக வேண்டும்."

அப்போது காற்று குறுக்கே புகுந்தது. "நான் இந்த மலை முழுக்கச் சுற்றுகிறேன். இந்த வருஷம் எங்கேயும் பூ வாசனை இல்லை. யாருக்காகப் பூக்கிறாய்?"

"வருகிறவர்களுக்காக" என்றது செடி. "நான் மூடிக்கொண்டு நின்றால், வருகிறவர்களும் திரும்பிப் போய்விடுவார்கள்."

அன்று பிற்பகல் ஆடு மேய்க்கும் ஸர்மீனாவும் அவள் தம்பி தாவரும் விறகு தேடி அந்தச் சரிவில் ஏறினார்கள். தாவர் செடியைப் பார்த்ததும் கோடாலியை எடுத்தான்.

"அக்கா, இது காஞ்சு போச்சு. வெட்டிடவா? ரெண்டு நாள் அடுப்புக்கு ஆகும்."

"இருடா, அவசரப்படாதே." ஸர்மீனா பட்டையை நகத்தால் லேசாகக் கீறினாள். உள்ளே பச்சை தெரிந்தது. "உசிரு இருக்கு. இங்க பாரு, மொட்டு விட்டிருக்கு."

"இந்தப் பஞ்சத்துலயா?"

"அதான் சொல்றேன், கை வைக்காதே. நாம வேற பக்கம் பாப்போம்."

அதை விட்டுப் போகத் தாவருக்கு மனமில்லை. முணுமுணுத்துக்கொண்டேதான் அக்காவின் பின்னால் போனான்.

மறுநாள் முதல் பூ விரிந்தது. வெள்ளை இதழ், நடுவில் ஊதாக் கோடு. யாரும் வரவில்லை. இரண்டாம் நாள் இன்னும் இரண்டு பூ. யாரும் வரவில்லை. மூன்றாம் நாள் செடியின் கீழ்க்கிளை பட்டுப்போனது. முதல் பூவும் வாடி விழுந்தது.

"இனியாவது நிறுத்து" என்று பாறை கெஞ்சியது. செடியோ பட்டுப்போன கிளைக்குப் போன ஈரத்தையும் மேலே திருப்பி, நான்காவது மொட்டைத் திறந்தது.

ஐந்தாம் நாள் காலை ஒரு தேனீ வந்தது. இறக்கைகள் களைத்திருந்தன. பூவுக்குள் விழாத குறையாக இறங்கியது. அதன் கால்களில் மஞ்சள் பொடி ஒட்டியிருந்தது.

பொடி பட்டதும் செடி கூவியது. "இது என் இனத்தின் மகரந்தமல்லவா! எங்கே கிடைத்தது?"

"கணவாய்க்கு அந்தப் பக்கம் உன்னைப் போலவே ஒரு செடி நிற்கிறது" என்றது தேனீ. "பாதி பட்டுவிட்டது. மீதிப் பாதி பூத்திருக்கிறது. அங்கே இருக்கும் பாறையும் அதைத் திட்டிக்கொண்டுதான் இருக்கிறது."

காற்று வெட்கப்பட்டு ஒதுங்கியது. அது கணவாயைத் தாண்டியதே இல்லை.

"திரும்ப அங்கே போவாயா?" என்று செடி கேட்டது.

"போவேன். ஏதாவது சொல்ல வேண்டுமா?"

"இன்னும் மூன்று மொட்டு இருக்கிறது என்று சொல்."

அந்த மூன்றையும் செடி திறந்தது. கோடை வந்தபோது, ஒரே ஒரு கிளையில் மட்டும் உயிர் மிஞ்சியிருந்தது. அதில் நான்கு காய்கள் முற்றி வெடித்தன. காற்று தானாகவே வந்து, விதைகளை ஒன்றுவிடாமல் அள்ளிக்கொண்டது.

"நல்ல மண்ணாகத் தேடிப் போடட்டுமா?" என்று பணிவாகக் கேட்டது.

"தேடிக்கொண்டு நிற்காதே" என்றது செடி. "கல்லில் போட்டாலும் முளைக்கும்."