அறுநூறு புழுவும் ஓர் உத்தரவும்

பெரிய ஏரிக்கரையில் ஓர் ஆள்காட்டிக் குருவி காவல் வேலை பார்த்து வந்தது. நரியின் தலை தெரிந்தால் போதும், தொண்டை கிழியக் கத்தும். வாத்துகள் தண்ணீரில் பாய்ந்துவிடும். இதற்குக் கூலி நாளுக்குப் பத்துப் புழு. ஆந்தையின் பள்ளியில் காவல் படிப்பு முடித்தவர்களுக்கு மேற்கொண்டு ஐந்து புழு. அதற்குப் படிப்புப்படி என்று பெயர்.

ஆள்காட்டி அந்தப் படிப்பை நல்லபடியாக முடித்திருந்தது. அதன் மூன்று குஞ்சுகளுக்கும் அந்த ஐந்து புழுதான் சாப்பாடு.

ஒரு நாள் ஏரியின் கணக்கர் ஆமை அதைக் கூப்பிட்டனுப்பியது.

"இந்தாம்மா, நீ எப்போ படிச்சே?"

"வேலையில சேர்றதுக்கு முந்தின வருஷம் ஐயா."

"அங்கேதான் சிக்கல்! வேலையில சேர்ந்த பிறகு படிச்சவங்களுக்குத்தான் படின்னு புது உத்தரவு வந்திருக்கு. நாலு மாசமா நீ வாங்கின அறுநூறு புழுவையும் திருப்பிக் கட்டணும்!"

"படிச்சுட்டு வேலைக்கு வந்தது ஒரு குத்தமா ஐயா?"

"என்னைக் கேட்டா? உத்தரவுல இருக்கறதைச் சொல்றேன்."

"வேற வழியே இல்லையா?"

"இருக்கே! அதே படிப்பை மறுபடியும் படிச்சு, அதே பரீட்சையை எழுதி, புதுச் சான்றிதழ் கொண்டு வா. நாளன்னிக்குக் காலையில பரீட்சை. உன்னை மாதிரியே மாட்டின மத்த மூணு காவல்காரங்களும் எழுதறாங்க."

"நாலு பேரும் போயிட்டா கரையை யார் பாக்கறது?"

"அது என் பிரிவு இல்லையே!" என்றது ஆமை.

அறுநூறு புழு! ஏரிக்கரை முழுவதையும் கிளறினாலும் தேறுமா? ஆள்காட்டிக்கு இரை இறங்கவில்லை. ஒவ்வொரு புழுவையும் பாதியாகப் பிய்த்து, ஒரு பாதியைக் கடனுக்கு ஒதுக்கிவிட்டு, மறு பாதியைக் குஞ்சுகளுக்கு ஊட்டியது. "மீதிப் பாதி எங்கேம்மா?" என்று கடைக்குட்டி கேட்டது.

பரீட்சை நாள் வந்தது. மேட்டுப் புளியமரத்தடியில் நாலு பறவைகளும் வரிசையாக உட்கார்ந்தன. பகல் வெளிச்சத்தில் அரைத் தூக்கத்தில் இருந்த ஆந்தை கேள்வியைச் சொன்னது. "நரி வந்தால் என்ன செய்ய வேண்டும்? பத்து வரிக்குக் குறையாமல் எழுதுக."

ஆள்காட்டி மூன்றாவது வரியில் இருந்தபோது கீழே கோரைப்புல் அசைந்தது. காற்றே இல்லை. அதுவும் கூடு இருந்த பக்கம்!

எழுந்தால் பரீட்சை போச்சு. அறுநூறு புழுவும் தலையில் விழும். எழாவிட்டால்? அது இறக்கையை விரித்தது.

"உட்காரு! பரீட்சையில சத்தம் கூடாது!" என்று ஆந்தை அதட்டியது.

யார் கேட்டார்கள்? ஆள்காட்டி கத்திய கத்தலில் ஏரியே அதிர்ந்தது. வாத்துகள் தண்ணீரில் பாய்ந்தன. ஏரித் தலைவர் கூழைக்கடா நீண்ட அலகை நீட்டிக்கொண்டு ஓடி வந்தது. நரியோ கையில் சிக்கியதைப் புரட்டிப் போட்டுக் கடித்துக்கொண்டிருந்தது. சிக்கியது யார் தெரியுமா? நம் கணக்கர் ஆமைதான்! தலைவரைக் கண்டதும் நரி ஓட்டம் பிடித்தது.

ஆள்காட்டி கூட்டுக்கு ஓடியது. ஒன்று, இரண்டு... மூன்றாவதைக் காணோம்! பிறகுதான் ஒரு கல்லுக்குப் பின்னால் நடுங்கிக்கொண்டிருந்த கடைக்குட்டியைப் பார்த்தது. சிறகுக்குள் இழுத்து அணைத்துக்கொண்டது.

மல்லாந்து கிடந்த ஆமையை எல்லோரும் சேர்ந்து நிமிர்த்தினார்கள். ஓடெல்லாம் பல் தடம். அப்படியும் அதன் வாய் சும்மா இருந்ததா?

"பரீட்சையைப் பாதியில விட்டுட்டியேம்மா! இனிமே அறுநூறையும் கட்டத்தான் வேணும்!"

ஆள்காட்டிக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன.

"தலைவரே! இப்போ கத்தினேனே, அதை நான் வேலைக்கு வர்றதுக்கு முன்னாடியே படிச்சுட்டேன். அது செல்லாதுன்னா, இவரை மறுபடியும் மல்லாத்திப் போட்டுட்டு நரியைக் கூப்பிடலாமா?"

ஆமை சட்டென்று தலையை ஓட்டுக்குள் இழுத்துக்கொண்டது. உத்தரவு எழுதியிருந்த இலையைக் கூழைக்கடா ஆமையிடம் கேட்டு வாங்கியது. எல்லோர் முன்னாலும் அதை ஒரே வாயாக விழுங்கிவிட்டது.

ஒருவருடைய கல்வியின் பயனை அனுபவித்துக்கொண்டே, அது வந்த தேதியில் குற்றம் காண்பவன் தன் காவலைத் தானே கெடுத்துக்கொள்கிறான்.