பெண்ணெழுத்துக்கு வந்த தடை

ஜப்பான் கடலிலே கசுமித் தீவு. அதை ஆண்ட யசுதோகி அரசரிடம் முனேகதா என்றொரு அமைச்சர் இருந்தார். சீன தேசத்துக்குக் கப்பலேறிப் போய்ப் படித்தவர். திரும்பி வந்த நாளிலிருந்து தும்முவதுகூடச் சீனத்து முறைப்படிதான்.

அந்தத் தீவில் பேசுவது ஜப்பானிய மொழி. எழுதுவதோ இரவல் வாங்கிய சீன எழுத்து. அதையும் ஆண்களுக்கு மட்டும்தான் சொல்லிக்கொடுப்பார்கள். அரண்மனைப் பெண்கள் சும்மா இருப்பார்களா? அந்தத் தடித்த எழுத்துகளை வெட்டி, வளைத்து, இளைக்கவைத்து, வாயில் வருகிற பேச்சை அப்படியே எழுதத் தங்களுக்கென்று ஒன்றைச் செய்துகொண்டார்கள். ‘பெண்ணெழுத்து’ என்று ஆண்கள் கேலி செய்தார்கள். ஆனால் காதல் கடிதம் எழுத உட்கார்ந்தால், கேலி செய்த கை அதே எழுத்தைத்தான் தேடும்!

ராணியின் தோழி கோசாகி அந்த எழுத்திலே பல வருஷமாக ஒரு பெருங்கதை எழுதிவந்தாள். மீன்சந்தையில் பேரம் பேசி வளர்ந்தவள். மூக்குக்கு மேல் கோபம். அவள் கதையில், வெளிநாடு போய்வந்து பெற்ற தாயிடமே மொழிபெயர்ப்பாளர் வைத்துப் பேசுகிற மந்திரி ஒருவர் வருவார். அது யாரென்று அரண்மனைப் பூனைக்கும் தெரியும்.

முனேகதாவுக்குத் தெரியாமலா போகும்?

“அரசே, இந்தக் கோழிக்கிறுக்கலால் நம் மானம் கப்பலேறுகிறது” என்றார் சபையில். “இனி அரண்மனையில் சீன எழுத்து மட்டுமே. பெண்ணெழுத்தில் உள்ளதையெல்லாம் கொளுத்த வேண்டும். முதலில் கோசாகியின் கதைக்கட்டு!”

அரசர் தலையாட்டினார். காவலர்கள் கட்டைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். கோசாகிக்குக் கத்த வேண்டும்போலிருந்தது. ஆனால் சந்தையில் கத்தினால் விலை ஏறும் என்பது அவளுக்குத் தெரியும். குரலைத் தணித்தாள்.

“அமைச்சரே, புதுச் சட்டம் நல்ல சட்டம்தானா?”

“சந்தேகமா உனக்கு?”

“அப்படியானால் முதலில் அது நடக்கட்டும். செர்ரிப் பூ உதிரும்வரை பாருங்கள். அதற்குள் அரண்மனையில் ஒருவரும் ‘ஐயோ, வேண்டாம்’ என்று சொல்லவில்லையானால் கட்டுக்கு நானே நெருப்பு வைக்கிறேன். யாராவது சொன்னால் கட்டு என்னுடையது. சம்மதமா?”

“மீன்காரி மகள் புத்தி போகுமா? சபையிலும் பேரம்! சரி, சம்மதம்.”

“இன்னொன்று. சீன எழுத்தில் எழுதியதெல்லாம் அரசு ஆவணம், சபையில் உரக்க வாசித்துத்தான் முத்திரை வைக்க வேண்டும் என்று பழைய விதி இருக்கிறதே?”

“இருக்கிறது. வாசிப்பவனும் நானே. மறைத்தால் நாடுகடத்தல்.”

“யார் எழுதினாலுமா?”

“யார் எழுதினாலும்!” முனேகதா மார்பைத் தட்டிக்கொண்டார்.

செர்ரி மொட்டுவிட்டது, பூத்தது. ஒரு முணுமுணுப்பும் இல்லை. காதலர்கள் எழுதுவதையே விட்டுவிட்டார்கள். முனேகதா கட்டைக் கடக்கும்போதெல்லாம், “நல்ல காய்ந்த காகிதம்” என்று காதில் விழும்படி சொல்லுவார். கோசாகி பல்லைக் கடித்துக்கொண்டு பூக்களை அண்ணாந்து பார்த்தாள். உதிரத் தொடங்கியிருந்தன.

அந்தச் சமயத்தில் ராணி கோட்டோ வாசித்தாள். அது ஜப்பானிய வீணை. எதிரே உட்கார்ந்திருந்த அரசர் குறட்டை விட்டார். அந்தப்புரக் கதவு படாரென்று சாத்திக்கொண்டது. சாத்திய கதவு திறக்கவே இல்லை.

தவித்துப்போன அரசர் சமாதானம் எழுத உட்கார்ந்தார். பெண்ணெழுத்துக்குத்தான் தடையாயிற்றே! சீன எழுத்தில் எழுதி, பூங்கிளையில் கட்டி அனுப்பினார். வாசலில் வாங்கியவள் கோசாகி. எழுத்தைப் பார்த்தாள். ராணியின் காதில் ஏதோ சொன்னாள். இன்னும் கோபம் ஆறாத ராணி, “சட்டம் என்றால் சட்டம்தானே, கொண்டு போ” என்று விசிறியால் வாயை மூடிக்கொண்டாள்.

மறுநாள் சபை நிறைந்திருந்தது. கோசாகி கிளையை நீட்டினாள். யார் எழுதியது என்று முனேகதா பார்க்கவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு இடிக்குரலில் தொடங்கினார்.

“‘யாம் குறட்டை விட்டது உண்மை என இதன்மூலம் அறிவிக்கலாயிற்று. தங்கள் பாதத்தில் எமது தலையை வைக்குமாறு எமக்கே உத்தரவிடுகிறோம். எமது கன்னத்தில் இரண்டு அறைகள் விழ அனுமதி வழங்கப்படுகிறது. இப்படிக்கு, தங்கள் குண்டு மு...’”

“ஐயோ, வேண்டாம்!” சிம்மாசனத்திலிருந்து அலறல்.

முனேகதா பூங்கிளையைப் படக்கென்று கீழே வைத்தார்.

கோசாகி குனிந்து வணங்கினாள். “அரசே, கட்டை எடுத்துக்கொள்ளலாமா?”

“எடுத்துக்கொள், தாயே! முனேகதா, உன் சட்டம் இந்தக் கணமே ரத்து. எழுது ஆணையை!”

முனேகதா அவசர அவசரமாகத் தூரிகையைத் தோய்த்து, சீன எழுத்தில் முதல் கோட்டை இழுக்கப் போனார். கோசாகி அவர் கையைப் பிடித்தாள்.

“பெண்ணெழுத்தில் எழுதுங்கள், ஐயா. சீன எழுத்தில் எழுதினால், ரத்தானதற்கான காரணத்தைச் சபையில் உரக்க வாசிக்க வேண்டியிருக்கும்.”

முதலில் சிரித்தது அரசர்தான்.