நாற்காலி மாறிய சம்பளப் பேச்சு

தலையாட்டிப்பட்டி கூட்டுறவு வங்கியில் ஊழியர்கள் நாலு பேர். நாலு பேருக்கும் மூளை உண்டு. வீணாகச் செலவழிக்காமல் பத்திரமாக வைத்திருந்தார்கள், அவ்வளவுதான். அங்கே ஒரு வழக்கம்: ஒருவர் எந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாரோ, அதுதான் ஆள். கேஷியர் லீவு போட்டால் நகை மதிப்பீட்டாளர் அந்த நாற்காலியில் உட்காருவார். அன்றைக்கு அவரிடமே நகையை நீட்டினால், "மதிப்பீட்டாளர் சீட்டுல ஆள் இல்லையே" என்று வருத்தப்படுவார்.

கேஷியர் சடையாண்டிக்கு முப்பத்தாறு வயது. செண்பகவடிவைக் கட்டிக்கொள்ள உயிரை விட்டுக்கொண்டிருந்தான். அவள் அப்பா ஒண்டிமுத்துவோ, "கேஷியருக்குச் சம்பளம் ஏறட்டும், மறுநாளே நிச்சயம்" என்று சொல்லி ஏழு வருஷம் ஆகிறது. பாவம், ஏறியதெல்லாம் சடையாண்டியின் நெற்றிதான்.

பொறுத்துப் பார்த்து ஊழியர்கள் நாலு பேரும் சம்பள உயர்வு கேட்டு வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். வாடிக்கையாளருக்குத் தொந்தரவு வேண்டாமே என்று ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் செய்தார்கள். ஒன்பது ஞாயிறு போராடியும் நிர்வாகம் அசையவில்லை.

கடைசியில் தொழிலாளர் அதிகாரி சமரசம் பேச வந்தார். இரண்டு தரப்பையும் கேட்டு அவருக்குத் தலை சுற்றியது. "இன்னிக்கு ஒரு நாள் நாற்காலி மாறி உட்காருங்கய்யா. அவங்கவங்க கஷ்டம் புரியும். சாயங்காலம் வந்து கையெழுத்து வாங்கிக்கறேன்" என்று சொல்லித் தப்பித்தார்.

உடனே நாற்காலிகளைத் தூக்கி இடம் மாற்றினார்கள். பிறகு ஆட்களும் இடம் மாறினார்கள். பார்த்தால் அவரவர் அவரவர் நாற்காலியிலேயே! அடடா, அரை நாள் இதிலேயே போயிற்று.

ஒருவழியாக வங்கித் தலைவர் வெள்ளைத்துரை கேஷியர் சீட்டில் உட்கார்ந்தார். அறுபத்திரண்டு வயது, பேரன் எடுத்தவர். கால் மணி நேரத்தில் முதுகு பிடித்துக்கொண்டது. "இந்தச் சம்பளத்துக்கு இவ்வளவு வேலையா? அநியாயம்!" என்று கோஷம் போட ஆரம்பித்தார். மற்ற ஊழியர்களின் சீட்டுகளில் இருந்த நிர்வாகக் குழு இயக்குநர்கள் மூன்று பேரும் கூடச் சேர்ந்துகொண்டார்கள்.

தலைவர் அறையில் சடையாண்டி மெத்தை நாற்காலியில் புதைந்து கிடந்தான். மேஜைமேல் கோரிக்கை மனு இருந்தது. அவனே எழுதிய மனுதான். படிக்கப் படிக்க அவனுக்கு ரத்தம் கொதித்தது.

"யார்யா இதை எழுதினது? ஏழு வருஷம் பொறுத்தவனுக்கு எட்டாவது வருஷம் என்ன கேடு?"

"ஏறலைன்னா உமக்குக் கல்யாணம் நடக்காதேய்யா" என்றார் மதிப்பீட்டாளர், இயக்குநர் நாற்காலியிலிருந்து.

"அது கேஷியரோட சொந்த விஷயம். நிர்வாகம் தலையிடாது."

சாயங்காலம் பேச்சுவார்த்தை நடந்தது. வெள்ளைத்துரை கண் கலங்கினார். "அய்யா, எனக்கு வயசாகிக்கிட்டே போகுது. செண்பகவடிவு எனக்காகக் காத்துக்கிட்டிருக்கா. நீங்க மனசு வைக்கணும்."

சடையாண்டிக்கு நெஞ்சு இளகிவிட்டது. "அந்தப் பொண்ணு என்ன பாவம் பண்ணிச்சு?" என்று மூக்கை உறிஞ்சிக்கொண்டே, கேஷியருக்குச் சம்பள உயர்வு என்று கையெழுத்துப் போட்டான். அதிகாரி தாளைப் பிடுங்கிக்கொண்டு பஸ்ஸுக்கு ஓடினார்.

செய்தி ஊருக்குள் பரவியது. ஒண்டிமுத்து தாம்பூலத் தட்டோடு நேரே கேஷியர் கவுண்டருக்கு வந்தார்.

"சம்பளம் ஏறிடுச்சாமே மாப்ளே?"

"ஏறிடுச்சு மாமா" என்றார் வெள்ளைத்துரை வெட்கத்தோடு. மாமாவை விட அவர் எட்டு வயது மூத்தவர்.

சடையாண்டி அலறிக்கொண்டு ஓடி வந்தான். "மாமா, மாப்பிள்ளை நான்தான்!"

"நீங்க தலைவராச்சே? கேஷியருக்குத்தானே பொண்ணு தர்றேன்னேன்."

"ஐயோ மாமா! என் சீட்டுல ஒரு நிமிஷம் உட்கார்ந்து பாருங்க, என் கஷ்டம் புரியும்!"

நியாயமாகத்தான் பட்டது. வெள்ளைத்துரை எழுந்து இடம் விட்டார். ஒண்டிமுத்து உட்கார்ந்து கண்ணை மூடினார். கொஞ்ச நேரத்தில் ஒண்டிமுத்துவின் கன்னத்தில் கண்ணீர் வழிந்தது.

"ஏழு வருஷம்! ஒரு மனுஷனை இப்படியா அலைக்கழிப்பான் அந்தப் பொண்ணோட அப்பன்? இவனெல்லாம் ஒரு மாமனாரா? எனக்கு இந்தச் சம்பந்தமே வேண்டாம்!"

தட்டை எடுத்துக்கொண்டு விறுவிறுவென்று நடந்தார். நேரே தன் வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டினார். செண்பகவடிவு திறந்தாள்.

"உங்க அப்பா இருக்காராம்மா? இந்தத் தட்டை அவர் மூஞ்சியிலேயே எறியணும்."

"அப்பா வங்கிக்குப் போயிருக்காரே" என்றாள் அவள்.

"வரட்டும், அவரை விடமாட்டேன்" என்று ஒண்டிமுத்து வாசற்படியில் உட்கார்ந்தார். இருட்டிய பிறகும் அப்பா வரவில்லையே என்று செண்பகவடிவும் கவலையோடு பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.